தொண்டையில் ஓர் ஆய்தம்

வீட்டில் ஏற்கெனவே இரண்டு ஆக்னெஸ்.
ஆகவே மூன்றாவதாகப் பிறந்தவளுக்கு
அதே எழுத்துகளைக் கடைசியிலிருந்து கூட்டி
செங்கா என்று வைத்தார்கள்.
அந்தப் பக்கத்தில் அது வழக்கம்தான்.
தமிழ்க் காதுக்கு மட்டும்
பழுக்க இரண்டு நாள் மீதமிருக்கும் காய்.

செங்கா டன்னெட். ஊர் விக்.
பொய்முடி அல்ல, துறைமுகம்.
ஸ்காட்லாந்தின் வரைபடத்தில் விரலை வைத்தால்
வழுக்கிக் கடலில் விழும் இடம்.

பதினைந்து வயதில் நிமிடத்துக்கு நாற்பது மீன்.
வயிற்றில் கத்தி, ஒரு திருப்பு, குடல் தொட்டியில்.
உப்பு எரியாதிருக்க
மாவுச் சாக்கைக் கிழித்து விரல் விரலாகச் சுற்றி
பல்லால் நூலை இழுத்து முடிச்சிடுவாள்.
சனிக்கிழமை கட்டவிழ்த்துப் படம் பார்க்கப் போனால்
பக்கத்தில் இருப்பவர்கள்
மூக்கைப் பிடித்து நாலு இருக்கை தள்ளிப் போவார்கள்.
"எனக்கு எப்போதும் தாராளமாக இடம் கிடைத்தது"
என்றாள் பின்னாளில் ஒரு பேட்டியில்.
பத்திரிகை அந்த வரியை வெட்டிவிட்டது.

நாற்பத்தெட்டில் படப்பிடிப்புக்காரர்கள் வந்தார்கள்.
புயலில் புருஷனைப் பறிகொடுத்தவர்களாக
முப்பது பெண்கள் வேண்டும்.
இருபத்தொன்பது பேர் அழுதார்கள்.
செங்கா கடலைப் பார்த்துக் கணக்குப் போட்டாள்,
எந்தப் படகுக்காரன் எவ்வளவு கூலி பாக்கி என்று.
காமிரா அவளிடம் வந்து நின்றுவிட்டது.

லண்டனில் முதலில் பெயரை எடுத்தார்கள்.
சில்வியா டேல்.
அடுத்து நாக்கு.
மிஸ் பெவரிட்ஜ் பல்லிடுக்கில் தக்கை வைத்து
அவள் றகரத்தை ராவி ராவி ரகரமாக்கி
கடைசியில் அதையும் ஊதிவிட்டாள்.
ஏரிக்கு அவள் ஊரில் ஒரு சொல் உண்டு.
முடியும்போது தொண்டையடியில் உரசும்.
அந்த உரசலுக்கு
எங்கள் நெடுங்கணக்கில் மூன்று புள்ளி இருக்கிறது.
மிஸ் பெவரிட்ஜ்
மூன்றையும் துடைத்துவிட்டுக் கட்டணம் வாங்கிக்கொண்டாள்.

நாற்பத்தோரு படம்.
ஒன்பதில் செவிலி.
நான்கில் கொலையுண்டவள், ஒன்றில் முகம் தெரியும்.
கதாநாயகி ஒரே முறை.
கடிதம் பிரிக்கும் அண்மைக் காட்சி.
விரல்களின் வெட்டுத் தழும்பைப் பார்த்த ஒளிப்பதிவாளர்
யாருக்கோ போன் செய்தார்.
ஆகவே அந்தப் படத்தில் காதலன் முத்தமிடும் விரல்கள்
ஹாமர்ஸ்மித்தைச் சேர்ந்த டாரீன் பிளாக்கெட்டுடையவை.
விளக்குக்குப் பின்னால்
செங்கா தேநீர் குடித்துக்கொண்டிருந்தாள்.
முப்பது வருஷம்
இருவரும் கிறிஸ்துமஸ் அட்டை அனுப்பிக்கொண்டார்கள்.
கணவன்மார் இரண்டு பேர்.
அவர்களுக்கு அவ்வளவு நீளமான நட்பு வாய்க்கவில்லை.

எழுபத்து மூன்றில் அழைப்பு:
வடக்குத் தீவுக் கிழவி, உங்கள் ஊர்ப் பேச்சிலேயே.
வாயைத் திறந்தாள்.
துலக்கிய வெள்ளிக் கரண்டி வந்தது.

பிரைட்டனிலிருந்து ஒரு பையனை வரவழைத்தார்கள்.
ஒலிக்குறி அட்டைகளோடு வந்து
மணிக்கு அறுபது பவுண்டு வாங்கி
அவள் பிறந்த மொழியை அவளுக்கே சொல்லிக்கொடுத்தான்.
நல்ல பையன். தப்பு அவனுடையதல்ல.

நான்காம் நாள்
தாங்கி சாய்ந்து ஒரு விளக்கு அவள் காலில் விழுந்தது.
அப்போது வந்தது ஒரு வசவு,
மீன்தொட்டி நாற்றத்தோடு,
றகரம் உருண்டு, ஆய்தம் காறி.
தளமே திரும்பிப் பார்த்தது.
"இன்னொரு முறை?" என்றான் பையன்.
வரவில்லை.

ஒலிப்பதிவாளர் பெண் மட்டும்
காதிலிருந்து எதையும் கழற்றாமல் இருந்தாள்.
அந்த ஒரு விநாடியை வாங்கிப் போய்
விடுதியறையில் விடியும்வரை கேட்டாள் செங்கா.
அச்சிலேற்ற முடியாத அந்த ஒற்றைச் சொல்லிலிருந்து
முழுப் படத்துக்கும் பேசத் தேவையானதை
உருவி எடுத்தாள், முள்ளைப் போல.

விக்கில் படம் போட்டார்கள்.
"நம்மூர்ப் பேச்சு இப்படியா?" என்றாள்
நுழைவுச் சீட்டைக் கிழித்தவள்.
உருளைக்கிழங்கு தோலெடுக்கும் காட்சியில்
திரை நிறைய அவள் விரல்கள்,
வெட்டுகளோடு, ஆளுயரத்தில்.

இடப்புறம் ஒரு பருத்த ஆசாமி,
வலப்புறம் பள்ளிக்கூட ஆசிரியை,
தோளோடு தோள்.
கோட்டைக் கழற்றக்கூட இடமில்லை அவளுக்கு.