இருபது தெத்ரி

எங்கள் பிளாக்கில் லிஃப்டுக்குக் காசு போடவேண்டும்.
இருபது தெத்ரி. போட்டால் ஏறும்.
இறங்க இலவசம் என்று
கதவில் யாரோ ஆணியால் கீறியிருக்கிறார்கள்.
க்ல்தானி பேட்டைக்குத் தெரிந்த தத்துவம் அவ்வளவுதான்.

அதற்கு எண்ணெய் போடுகிறவன் நான்.
அதனால் நுட்ஸா என்னிடம் வந்து கேட்டாள்:
"முப்பத்து மூன்று மணி நேரம் உள்ளேயே நின்றால்
ஏதாவது ஆகுமா?"
லிஃப்டுக்கா, உனக்கா என்றேன்.

கூரையில் கட்டைவிரல் பருமனுக்கு ஒரு கேமரா.
காலடியில் துணிப்பை நிறையச் சில்லறை.
ஏறுகிறவர்களுக்கெல்லாம் அவள் காசு போடுவாள்.
பேசமாட்டாள்.
இதற்குப் பெயர் நிகழ்த்துகலை என்றாள்.
எங்கள் ஊரில் இதற்குப் பெயர் தேர்தல் என்றேன்.

ஒதாருக்கும் அதே சந்தேகம்.
"எந்தக் கட்சி?" என்றார்.
பதில் வராததால் ஏழு மாடியும் படியேறிப் போனார்,
திருப்பத்துக்குத் திருப்பம் நின்று
ஒரு கட்சி விடாமல் திட்டிக்கொண்டு.
ஒரு பையன் பதினேழு முறை மேலும் கீழும் போனான்.
கேஸ் சிலிண்டர் போனது.
சோபா ஒன்று இரண்டு தவணையாகப் போனது.
குலிகோ பிளம் சாஸ் போத்தல்களோடு ஏறி
ஒன்றைச் சில்லறைப் பைக்குப் பக்கத்தில் வைத்தாள்.
"எனக்குக் கடன் வைத்துப் பழக்கமில்லை."

இரவு இரண்டு மணிக்கு
ஐந்தாம் மாடிக்காரர்.
பெயர் வேண்டாம், தினமும் முகம் பார்த்துக்கொள்கிறோம்.
ஐந்தில் ஏறி ஒன்பதை அழுத்தினார்.
ஒன்பதில் அவருக்கு யாருமில்லை.
கதவு மூடியதும் பொத்தான் பலகையில் நெற்றியை வைத்து
ஆரம்பித்தார்.
நுட்ஸா எக்கி நின்று
உள்ளங்கையால் கேமராவை மூடினாள்.

நான்கு மாடி நீளம் அந்தக் கை.

இலையுதிர் காலத்தில் கண்காட்சி,
ஊர் நடுவே, மூடிப்போன ஒரு தையல் ஆலையில்.
பெரிய திரையில் அந்தக் கை மட்டும்:
விரல் இடுக்குகளில் கொஞ்சம் சிவப்பு, மற்றபடி இருட்டு.
அழுகையை வெட்டிவிட்டாள், மோட்டாரை விட்டுவைத்தாள்.
அதில் கேட்கிற முனகல்
நான்காவது பல் தேய்ந்த என் கியருடையது.
பத்திரிகையில் அதை மௌனம் என்று எழுதினார்கள்.

திரைக்கு எதிரே ஒரு லிஃப்ட். நான் செய்தது.
மூன்றாம் பிளாக்கில் கழற்றிப் போட்ட நிஜக் கதவு,
நிஜப் பொத்தான்கள், நிஜக் காசுப்பெட்டி.
மேலே கயிறு இல்லை.
அதுதான் அர்த்தம் என்றாள்.
அர்த்தத்துக்கும் சேர்த்து நான் கூலி வாங்கவில்லை.

தொடக்க நாளன்று எங்கள் பிளாக்கே பஸ் ஏறி வந்தது.
ஒதார் ஒயின் இருக்கும் பக்கமாகப் போனார்.
குலிகோ நேராக லிஃப்டுக்குள் போய்
காசு போட்டு, ஆறை அழுத்தி,
கைப்பையை முன்னால் பிடித்துக்கொண்டு நின்றாள்.

நின்றாள்.

கண்ணாடிக் கோப்பைகளோடு ஒரு கூட்டம் சேர்ந்தது.
இதுவும் நிகழ்ச்சி என்று நினைத்து
ஒருவர் போனை உயர்த்தினார்.
நுட்ஸா தூணோரம் இருந்தாள், கழுத்தில் கேமரா,
கை அதைத் தொடவில்லை.
ஏன் எடுக்கவில்லை என்று பிறகு கேட்டேன்.
பேட்டரி, என்றாள்.
பச்சை விளக்கு எரிந்ததை நான் பார்த்தேன்.

குலிகோ என்னைத்தான் தேடினாள்.
"பழுதாகிவிட்டதப்பா. வந்து பார்."

மேலே கயிறு இல்லை என்று
எந்த மொழியில் சொல்வது?
உள்ளே போனேன். சாவி சட்டைப்பையில் இருந்தது.
பெட்டியைத் திறந்தால்
அவளுடையதுக்கு முன்பே பதினோரு காசு கிடந்தது,
ஒன்று எந்த நாட்டுடையதோ.
அத்தனை பேரும் ஒரு தடவை
சும்மா அழுத்திப் பார்த்திருக்கிறார்கள்.

அவள் இருபதை எடுத்துக் கொடுத்தேன்.
எண்ணிப் பார்த்துவிட்டு, ஒரே காசுதான்,
கைப்பையில் போட்டுக்கொண்டாள்.

கூட்டம் கைதட்டியது.
"எதற்கு?" என்று கேட்டாள் குலிகோ.
திங்கட்கிழமை அந்தக் கியரை மாற்றவேண்டும்.