அளவு அட்டை

கொலாட்ஸ், வின்ஃப்ரீட்.
கழுத்து முப்பத்தெட்டு, மார்பு தொண்ணூற்றாறு.
இடது தோள் வலதைவிட ஒரு விரல் தாழ்வு.
இப்படித்தான் எனக்கு அவனைத் தெரியும்.

பாபெல்ஸ்பெர்க் படப்பிடிப்பு நிலையம்,
தையல் கூடத்தில் மூன்றாவது மேசை என்னுடையது.
அறுபத்திரண்டு அக்டோபரில் வந்து நின்றான்.
வாயில் குண்டூசிகளோடு நான் மண்டியிட்டிருக்க
"கூசுகிறது" என்றான்.
நடிகன் என்று சொல்லிக்கொள்ளவில்லை.
கோர்லிட்ஸில் ரயில் பெட்டிக்குப் பற்றவைத்துக்கொண்டிருந்தவன்.

அவன் தாடை அவர்களுக்குப் பிடித்துப்போயிற்று.
அதனால் பதினொரு படங்களில் பழைய ராணுவ அதிகாரி.
அதே சாம்பல் கம்பளி, அதே உயரக் காலர்,
"சுடு" என்று கை தூக்கும் அதே காட்சி.
தூக்கும்போது அக்குள் தையல் விட்டுப்போகும் என்று
முக்கோணத் துண்டு ஒன்று வைத்துத் தைத்தேன்.
அது என் பங்கு.

உணவுக்கூடத்தில் சூப் ஊற்றும் ஃபிரௌ நோவோட்னிக்
கரண்டியைத் தூக்கி வைத்துக்கொண்டாள்:
"அந்தக் கோட்டோடு வந்தால் என் கையால் கிடையாது."
அவள் தம்பிக்கு என்ன ஆயிற்று என்று யாரும் கேட்கவில்லை.
ஜனவரி மாதம்.
பதக்கம் குத்திய கோட்டு வாசல் ஆணியில் தொங்க
உள்பனியனோடு வரிசையில் நின்றான்.
பிறகு எந்தப் படமானாலும், எந்த வேடமானாலும்
பனியனோடுதான் பட்டாணி சூப்.

எழுபத்தொன்றில் தொலைக்காட்சி.
பிள்ளைகளுக்கான தொடரில் தபால்காரர்,
வாத்துக்கும் கடிதம் கொண்டுபோய்க் கொடுப்பவர்.
மார்பு நூற்றிரண்டு.
டிராமில் பிள்ளைகள் அவன் பைக்குள் எட்டிப் பார்ப்பார்கள்.
உள்ளே வெங்காயம்.
ஒன்றை எடுத்து நீட்டி,
"உனக்குத்தான் வந்திருக்கிறது, கையெழுத்துப் போடு" என்பான்.

அப்புறம் அவனே ஒரு கடிதத்தில் கையெழுத்துப் போட்டான்.
யாருக்காக, என்ன கடிதம் என்பதெல்லாம்
தையல் கூடம்வரை வரவில்லை.
வந்தது ஒரே வாக்கியம்:
அட்டையை அடுக்கிலிருந்து எடு.
எடுத்தேன். கிழிக்கச் சொல்லவில்லையே,
பொத்தான் டப்பாவுக்கு அடியில் வைத்தேன்.
(துணிச்சல் என்று நினைத்துவிடாதீர்கள்.
அட்டையின் பின்பக்கம் என் பால் கணக்கு இருந்தது.)

ஐந்து வருடம் அளவே இல்லை.
பல்கேரியப் படங்களுக்குக் குரல் கொடுக்கிறான் என்று கேள்வி.
ஒருநாள் திரையரங்க இருட்டில்
யாரோ ஒரு மீசைக்காரன் அவன் குரலில்
தக்காளி என்ன விலை என்று கேட்டான்.
எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது.
தக்காளிக்குப் போய்.

சுவர் விழுந்தது.
மேற்கிலிருந்து வந்தவர்களும் அந்தத் தாடையைத்தான் பார்த்தார்கள்.
உளவுத்துறை அதிகாரி, ஏழு தொடர்களில்.
சாம்பல் நிறம்தான், இந்தத் தடவை பாலியெஸ்டர்.
கழுத்து நாற்பத்திரண்டு.
"கோப்பை மூடிவைத்துவிட்டு ஜன்னலைப் பார்க்க வேண்டும்,
அவ்வளவுதான் வேலை" என்றான்.
படி ஏறினால் மூச்சு வாங்கியது.

அறுபத்தெட்டு வயதில் பிணம்.
கொலோனில் ஒரு துப்பறியும் தொடர், எஃகு மேசை,
வசனம் பேசுகிறவனுக்குக் கிடைப்பதில் பாதிச் சம்பளம்.
பிணத்துக்குச் சட்டை சுலபம்,
முதுகை நீளவாக்கில் வெட்டி
முன்னாலிருந்து போர்த்திச் செருகிவிடலாம்.
நான் ஓய்வுபெற்று வருடங்கள் ஆகியிருந்தன,
அவன் கேட்டதால் போனேன்.
ஆறாவது டேக்கில் சாவு நன்றாக வந்துகொண்டிருந்தபோது
அவன் வயிறு இரைந்தது.
டாக்டராக நடித்த பெண் சிரித்துவிட்டாள்.
கண்ணைத் திறக்காமலே கேட்டான்:
"இன்றைக்கு என்ன சூப்?"

போன மார்ச்சில் தொலைபேசி.
இறுதிச் சடங்கு நிலையத்திலிருந்து ஹெர் ஸீபார்ட்,
கோட்டு அளவு வேண்டுமாம்.
அட்டையை எடுத்தேன்.
நாலு பத்தி எண்கள், நாலு ஆட்கள்.
எதைச் சொல்ல?
"எதுவானாலும் சரி, ஃபிரௌ ஷூல்ட்கே,
பின்பக்கம் வெட்டித்தான் போடுவோம்."
தெரியும் என்றேன்.

அக்குளுக்குத் துண்டு வைக்கட்டுமா என்று
நாக்கு நுனிவரை வந்து நின்றது.
கோட்டு வேண்டாம் என்று சொல்லிவிட்டு
டிராம் ஏறிப் போய்
உள்பனியன் ஒன்று கொடுத்தேன்.
வெள்ளைப் பருத்தி, புதுசு.
வெட்டாமல் போட முடிகிறதா பாருங்கள் என்றேன்.