எடைக்குறை

தாலின் நகரத்துப் பழைய பதிவேட்டில்
அவளுக்குக் கிடைத்த இடம் ஒன்றரை வரி.
'விதவை ஆல்ஹைட், ரொட்டிக்காரி.
எடை குறைய விற்றாள். அபராதம் மூன்று மார்க்.'
வருஷம் 1563.
அடுத்த வரியில் யாரோ ஒருவனுடைய பன்றி.

பதிப்பாளர் தைவோ சொன்னார்:
முதல் பக்கத்திலேயே ஒரு தீ வை,
இப்போது படிக்கிறவர்களுக்குப் பொறுமை கிடையாது.
வைத்தேன்.
ஊர் எரிந்தது. அவள் மட்டும்
காகிதமாகவே இருந்தாள்.

கறுப்புச் சால்வை கொடுத்தேன், கொஞ்சம் இருமல்,
கடன்கார மருமகன் ஒருவன்.
எதையும் வாங்கிக்கொள்ளவில்லை.

பிறகு ஒரு சனிக்கிழமை
வேறு வழி தெரியாமல் ரை மாவு வாங்கிவந்தேன்.
களிமண் மாதிரி விரலைப் பிடித்துக்கொண்டு
விடமாட்டேன் என்றது.
மூன்று ரொட்டி குப்பைக்கு.
நாலாவது உப்பி வந்தது, நள்ளிரவில்.
சூட்டோடு நிறுத்தேன்: ஆயிரத்துப் பன்னிரண்டு கிராம்.
விடிந்து நிறுத்தேன்: தொள்ளாயிரத்து எழுபத்தொன்று.

கத்தி வைக்கவில்லை, எலி இல்லை.
நாற்பத்தொரு கிராம்
சமையலறைச் சன்னல் கண்ணாடியில்
வழிந்துகொண்டிருந்தது.

வீட்டுச் செருப்போடு நாலு மாடி இறங்கி ஓடினேன்.
வாசலில் கீழ்வீட்டு ஊலோ,
பேருந்து ஓட்டுகிறவன்,
தன் கார்க் கண்ணாடியில் பனி சுரண்டிக்கொண்டிருந்தான்.
அவனிடம்தான் சொன்னேன்:
அவள் இரவில் நிறுத்திருப்பாள்,
அதிகாரி காலையில் வந்திருப்பான்!
சுரண்டுவதை நிறுத்தாமல் கேட்டான்,
'அப்படியானால் நல்லவளா?'

தெரியவில்லை.
தவிட்டோடு மரத்தூளும் கலந்திருக்கலாம்.
அதிகாரி மத்தியானம் வந்திருக்கலாம்,
பசியோடு, பழைய பகையோடு.
அவளை எனக்குப் பிடித்துப்போய்விட்டது;
என் சாட்சி இனி செல்லாது.

ஆகவே தீயை எடுத்துவிட்டேன்.
சால்வை, இருமல், மருமகன், எல்லாவற்றையும்.
தராசு ஆடுகிறது. அவன் கட்டைவிரல் எங்கே இருக்கிறது என்று
அவள் பார்க்கவில்லை,
சன்னலைப் பார்க்கிறாள்.
அங்கே நிறுத்தினேன்.

தைவோவுக்குத் தீ போனதில் இன்னும் வருத்தம்.

புத்தகமே தொடாத ஊலோ
மார்ச் மாதம் ஒரு ராத்திரி கதவைத் தட்டினான்,
சீருடைகூடக் கழற்றவில்லை.
'அந்த மூணு மார்க்,' என்றான்,
'கட்டிட்டாளா?'

பதிவேட்டில் இல்லை என்றேன்.

தெரிந்துகொண்டே மறைக்கிறேன் என்பதுபோல
ஒரு பார்வை பார்த்துவிட்டு
இறங்கிப் போனான்.