மூணு சைபர் ஒரு ஒன்பது

சிவகங்கை ஆபீஸில் நாற்பதாயிரம் கட்டி
அவர் அந்த எண்ணை வாங்கிய அன்று
வீட்டில் மிக்ஸி ஜார் உடைந்திருந்தது.
கணக்கு நோட்டில் நான்தான் எழுதினேன்:
நம்பர் 40,000
புரோக்கர் சேவுகன் 2,500
எலுமிச்சம்பழம் 20.

கூட்டினால் ஒன்பது வரணுமாம்.
கூட்டவே வேண்டாத ஒன்பது அது.
புதுவயல் மில் வாசலில் லாரிகள் ஒதுங்கின.
செஞ்சை செக்கிங்கில் ஏட்டையா
எம்.எல்.ஏ. வண்டியென்று விறைப்பாக நின்றாராம்.
பத்து நாள் சோற்றோடு அதையும் பிசைந்து சாப்பிட்டார்.

ஊருக்கும் அது மனப்பாடமாகிவிட்டது.

கடனுக்கு வந்த தவிட்டு வியாபாரியிடம்
"திருச்சி போயிருக்காக" என்றேன்.
"கழனிவாசல் டீக்கடையில நிக்கிதே ஒன்பது" என்றார்.

அப்புறம், தேவகோட்டைக் கல்யாணத்தில் பூக்காரி.
முழம் போட்டுக்கொண்டே,
என்னைப் பார்க்காமல்:
"ஒங்க காரு எங்க தெருவுலதான் ஆச்சி,
செவ்வாயும் வெள்ளியும்."

5382 என்று ஏதோ ஒன்று வந்திருந்தால்
எனக்கு எதுவும் தெரிந்திருக்காது.

பதினைந்து வருஷம் முடிந்தது.
புதுப்பிக்க எஃப்.சி., பசுமை வரி,
டிங்கர், பெயிண்ட், புதுப் பிளேட்,
மறுபடியும் சேவுகன்.
"இரும்பு விலைக்குப் போட்டுரலாமா உமையா?
இனிமே சாதா நம்பரே போதும்" என்கிறார்,
செருப்பைப் பார்த்துக்கொண்டு.

நகைச்சீட்டு முடிந்த பணத்தை
எண்ணி மேஜையில் வைத்தேன்.
"கட்டுங்க."

இந்தச் சம்பளத்துக்கு
வேறு காவலாள் கிடைக்க மாட்டான்.