இடப்பக்கம்

வேனுக்குள் கால் கழற்றிய மேசை ஒன்று,
கம்பளியில் சுற்றிய எட்டு விளக்குகள்,
ஒரு மேலங்கி (அதுதான் அவருடைய அப்பா),
ஒரு குடை (அது பதிப்பாளர்),
ஒரு தட்டச்சுப்பொறி,
ஒரு நாற்காலி.
ஹல்வர் ஸ்குத்தாலின் எழுபத்தோரு வருடம்
இவ்வளவில் அடங்கிவிட்டது.
ஓரத்தில் என் தூக்கப்பைக்கும் இடமிருக்கிறது.

ஓட்டுவது நான்.
மேடையில் ஆணி அடிப்பதும்
வாசலில் டிக்கெட் கிழிப்பதும்
அரங்கின் பின்மூலையில் உட்கார்ந்து
விளக்கைப் போடுவதும் அணைப்பதும் நான்.
ஒருநபர் நாடகம்
என்று போட்டிருக்கிறது சுவரொட்டியில்.
அதை ஒட்டுவதும் நான்.

எஸ்கில் பக்கத்தில் தூங்குகிறான்.
ஸ்குத்தாலுக்காக வளர்த்த தாடியில்
படகு உணவகத்தின் வாஃபிள் துணுக்கு.
நார்வேயின் வடகரையில் ஜனவரி.
பகல் என்று ஒன்று
பன்னிரண்டு மணிக்கு வந்து எட்டிப் பார்த்துவிட்டு
செருப்பைக்கூடக் கழற்றாமல் போய்விடுகிறது.

தினமும் எட்டு இருபதுக்கு
அவன் நாற்காலியின் இடப்பக்கம் குனிவான்.
நாற்காலி என்றால் போர்கில்ட்.
ஒன்பது நாவல்களைத் தட்டச்சு செய்தவள்.
அவள் காதருகே ரகசியமாகச் சொல்வான்:
ஐந்தாவதின் முடிவு உன்னுடையது,
நான் எழுதியது வேறு, அதை அடுப்பில் போட்டேன்,
மன்னித்துவிடு.
அந்தக் கடைசி 'டு'வில்
நான் ஏழாம் விளக்கை இறக்க வேண்டும்.
எழுபத்திரண்டு ஊர்களில் இறக்கியிருக்கிறேன்.
அழுபவர்கள் அந்த இருட்டில்தான் மூக்கைச் சிந்துவார்கள்.

எழுபத்துமூன்றாவது, மீன் பதனிடும் தீவு ஒன்று.
பள்ளிக்கூட உடற்பயிற்சிக் கூடம்,
கூடைப்பந்து வளையத்துக்குக் கீழே மேடை.
பத்தொன்பது பேர்.
முடிந்ததும் எல்லோரும் காப்பிக்குப் போக
ஒரு பெண் மட்டும் நாற்காலியிடம் வந்தாள்.
ஓஸ்லாக், படகுத்துறையில் எடை போடுபவள்.
சாய்மானத்தில் கை வைத்துச் சொன்னாள்:
இது என் அம்மா.

எஸ்கில் தாடியைத் தடவிக்கொண்டான்.
நல்லா இருந்தாங்களா?

நல்லாத்தான் இருந்தா.
ஆனா அவளுக்கு இடது காது கேட்காது.
ஆறு வயசுக் காய்ச்சல்ல போனது.
நீங்க சொன்னது எதுவும் அவளுக்குப் போகலை.

அப்படியானால் பக்கம் மாற்றிவிடலாம் என்றேன்,
சுத்தியலை எடுத்துக்கொண்டே.
அவள் சிரித்தாள்.
மாத்தாதீங்க.
அவருக்குத் தெரியும்.
கேட்கணும்னா வலப்பக்கம் வருவாரு,
கமா, முற்றுப்புள்ளி, காப்பி எங்கே.
கேட்கக்கூடாதுன்னா அந்தப் பக்கம்.

அம்மாவுக்கு எப்படித் தெரியும் என்றான் எஸ்கில்.

எதிரே ஜன்னல்.
மத்தியானம் மூணு மணிக்கே கறுத்துப்போகிற கண்ணாடி.
அதுல உதடு அசையறதைப் பார்த்துக்கிட்டே
டைப் அடிப்பா.
என்ன சொன்னாருன்னு நானும் கேட்டிருக்கேன்.
அன்னிக்கு வரியில ஒரு பிழைகூட வரலைன்னு மட்டும் சொல்வா.

கோப்பையைக் கழுவி வைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் வேறு தீவு, பதினோரு பேர்.
வழியெல்லாம் எஸ்கில் பேசவில்லை, தூங்கவும் இல்லை.
எட்டு இருபது.
இடப்பக்கம் குனிந்தான்.
வாய் திறந்தது.
சத்தம் வரவில்லை.

முன்வரிசை ஒரே உடம்பாக முன்னால் சாய்ந்தது.
யாரோ காது கருவியைத் திருகும் கீச்சொலி.
எனக்குக் குறிப்பு இல்லை, 'டு' இல்லை,
விரல் மட்டும் ஏழாம் விளக்கின் மேல்.
அவன் உதடுகளையே பார்த்தேன்,
இருபது மீட்டர் தள்ளி, இருட்டில்.
அவை எழுதிக்கொடுத்த வரியைச் சொல்லவில்லை.
அதைவிட நீளமாக எதையோ.
நடுவில் ஒருமுறை நின்றன,
மறுபடி தொடங்கின.

எப்போது முடிந்தது என்று எனக்குத் தெரியாது.
முடிந்தது என்று நினைத்த இடத்தில்
விளக்கை இறக்கினேன்.

கடைசிப் படகை நான்கு நிமிடத்தில் தவறவிட்டோம்.
துறையில் வேனுக்குள் இரவு.
என்ன சொன்னாய் என்று நான் கேட்கவில்லை.
அவன் என் வலப்பக்கம்தான் இருந்தான்.
கண்ணாடியில் எங்கள் இருவர் முகமும் தெரிந்தது.
வைப்பரை ஒருமுறை போட்டேன்,
பனி பெய்யாவிட்டாலும்.