இருட்டு மேம்படுத்தப்பட்டது

பகலில் என் பிழைப்பு
ஆழ்துளைக் கிணற்றுக்குள் கேமரா இறக்குவது.
கடத்தூர், பொம்மிடி, மொரப்பூர்,
எங்கே மோட்டார் மாட்டிக்கொண்டாலும்
எங்கே ஊற்று கண்ணை மூடிக்கொண்டாலும்
டிவிஎஸ்ஸில் கேபிள் சுருளோடு போவேன்.
அறுநூறடியில் பாறை. எழுநூறில் பாறை.
திரையில் ஒரு வட்டம், நடுவில் கறுப்பு,
கறுப்பைச் சுற்றிப் பொடி பறக்கும்.
தோளுக்குப் பின்னால் நின்று தீர்த்தகிரி கேட்பார்:
"ஈரம் ஏதாச்சும் தெரியுதா?"
பேர்ல மட்டுந்தான் தீர்த்தம் என்று
அவரே சொல்லிச் சிரித்துக்கொள்வார்.
அது அவருக்கு மூணாவது போர்.

ராத்திரி வேறு உத்தியோகம்.
பனி மூடிய ஏதோ ஒரு நிலாவில், கடலுக்கடியில்,
நிலையம் பதினொன்றின் கடைசி ஆள் நான்.
நாலாபுறமும் தண்ணீர். கண்ணாடியில் விரிசல்.
குடிக்கச் சொட்டு கிடையாது, அங்கேயும்.

புது அப்டேட் ஆறு ஜிபி.
என் ரீசார்ஜில் நாளைக்கு ஒன்றரை.
நாலு ராத்திரி கசிந்து கசிந்து இறங்கியது.
பட்டியலைப் படித்தேன்:
ஆக்சிஜன் கசிவு சரிசெய்யப்பட்டது.
கதவிடுக்கில் சிக்கி ஆடும் பிணம் சரிசெய்யப்பட்டது.
இருட்டு மேம்படுத்தப்பட்டது.
இனி அது உங்கள் மைக்கையும் கேட்கும்.

அந்தப் பிணத்துக்குச் சடையன் என்று பேர் வைத்திருந்தேன்.
போகவர ஒரு தலையசைப்பு, எட்டு மாசப் பழக்கம்.
இப்போது கதவு
சுத்தமாகச் சாத்திக்கொள்கிறது.

எட்டாம் தளம். லாக்கருக்குப் பின்னால் குந்தியிருக்கிறேன்.
வருகிறது.
காலில்லை, கண்ணில்லை, உடம்பெல்லாம் காது.
ஃபேனை நிறுத்தியாயிற்று.
என் மூச்சை நானே கையால் பொத்திக்கொள்கிறேன்.
பல்லிகூட ஒத்துழைக்கிறது.

மணி இரண்டு நாற்பது.
வாசல் குழாய் இருமுகிறது.
ஒன்பது நாளைக்கப்புறம் ஒகேனக்கல் தண்ணி.
முதலில் வெறுங்காற்று, பிறகு ஒரு கமறல்,
பிறகு வரிசையில் முதலாக நின்ற
பிளாஸ்டிக் குடத்தின் அடியில் தடதடவென்று.
பக்கத்து வீட்டு ருக்சானாக்கா கதவை இடிக்கிறார்:
"தண்ணி வந்துருச்சு, எந்திரி!"

அது திரும்பியது.
பிறந்ததிலிருந்து கடலுக்குள்ளேயே கிடப்பது
ஒரு குடத்துத் தண்ணீரின் சத்தத்துக்குத்
திரும்பியது.

சிவந்த திரையை அப்படியே விட்டுவிட்டுப்
பதினாலு குடம் பிடித்தேன், அண்டா ஒன்று,
சோப்பு டப்பாவையும் விடவில்லை.

காலையில் மறுபடி தீர்த்தகிரி.
"தொள்ளாயிரத்துக்குக் கீழ ஏதோ சத்தம் கேக்குதுன்றான் பையன்.
இன்னொருவாட்டி பாத்துரலாம்."
கேமராவுக்குக் காது கிடையாது என்று
நான் சொல்லவில்லை.
இறக்கினேன்.
எண்ணூறு. எண்ணூற்று நாற்பது.
தொள்ளாயிரத்துப் பதினைந்தில்
பொடி பறப்பது நின்றது.

"என்னப்பா, மூச்சே காணோம்?"

பேசாதீங்க என்று
கையை மட்டும் உயர்த்தினேன்.