ஏழு கடை, மூன்று மணித்தியாலம்

சனிக்கிழமை காலை ஏழரைக்கு
புறக்கோட்டை, கான் மணிக்கூட்டின் கீழே
மஞ்சள் குடையோடு நிற்பவள் நான்.
தலைக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு.
கோப்பி அதற்குள் அடக்கம்.
வடை அடங்காது.

இன்றைக்கு ஒன்பது பேர்.
குருநாகலில் இருந்து புதுச்சோடி ஒன்று,
பெர்லினில் இருந்து தொப்பி, தொப்பி, தொப்பி,
வெள்ளவத்தை வங்கிப் பெண்கள் மூவர்,
கடைசியாக
மடிப்புக் கலையாத வெள்ளைச் சேட்டில்
துவான் சப்ரீன், கொம்பனித்தெரு.
வயது எழுபத்தாறு என்று படிவத்தில் எழுதியிருந்தார்.
தொழில் என்ற கட்டம் வெறுமை.

முதலாம் கடையில் நான் வழக்கமாகச் சொல்வது:
மலையில் முதலில் இருந்தது கோப்பி.
ஒரு செம்மஞ்சள் தூள் இலைக்கு அடியில் குடிவந்து
இருபது வருஷத்தில் மலையைத் தின்று முடித்தது.
தேயிலை இரண்டாந்தாரம்.
எங்கள் ஆட்கள் மன்னார்க் கரையில் இறங்கி நடந்தது
கோப்பிக்காகத்தான்;
காட்டுவழியில் விழுந்து கிடந்தவர்களுக்குத்
தேத்தண்ணி என்ற சொல்லே தெரிந்திருக்காது.
இந்த இடத்தில் தொப்பிகள் எழுதிக்கொள்ளும்.
நான் ஒரு மிடறு குடித்துத் தொண்டையைச் சரிசெய்வேன்.
துவான் சப்ரீனின் கோப்பையில் மட்டும்
ஆடை படிந்துகொண்டிருந்தது.

இரண்டாம் கடை இப்போது போன் உறை விற்கிறது.
மூன்றாம் கடையில் கோப்பி உண்டு, கதிரை இல்லை.
தோளில் துவாயோடு நாட்டாமைகள் நின்று குடிக்க
"வழி, வழி" என்றபடி ஒரு தள்ளுவண்டி
என் வரலாற்றை இரண்டாகப் பிளந்துகொண்டு போனது.
கல்லாவில் இருந்தவர் எங்கள் பக்கம் திரும்பினார்,
சட்டென்று வடைத்தட்டை மூடினார்.
நான்காம் கடையில் பரிமாறுகிறவர்
மேசை துடைத்த சீலையை
முதுகுக்குப் பின்னால் ஒளித்தார்.
எனக்கு அப்போதும் விளங்கவில்லை.

ஐந்தாவது, ஒரு வாகனத் தரிப்பிடம்.
எண்ணெய் சிந்திய அந்த மூலையைக் குடையால் காட்டி
மாசிலாமணியின் கதையைச் சொல்வேன்:
மனைவி இறந்த அன்று கோப்பி அரைக்கும் கையை நிறுத்தியவர்,
பிறகு பலகையைத் திறக்கவே இல்லை.
யாராவது ஒருத்தி அழுவாள். இன்றைக்கும் அழுதாள்.

துவான் சப்ரீன் பள்ளிப் பிள்ளைபோல் கையை உயர்த்தினார்.
"மகள், அது நான் சீல் வெச்ச கடை.
எழுபத்தொன்பது, ஒக்டோபர்.
கோப்பித் தூளில பாதிக்கு மேல புளியங்கொட்டை.
எலியும் இருந்திச்சி.
எலிய நான் ரிப்போட்டில போடல்ல,
அந்த மாசம் அவர்ட மகளுக்குக் கலியாணம்."

மனைவி?

"மவுத்தாகல்ல. வெளக்குமாத்தால என்னை
ஐந்துலாம்புச் சந்தி வரைக்கும் வெரட்டினது அவதான்."

தொப்பிகள் என்னைப் பார்த்தன.
எனக்கு வந்த ஆங்கிலத்தில் சொன்னேன்:
இந்தக் கடையை இவருக்கு நன்றாகத் தெரியுமாம்.

ஆறாம் கடைக்கு நடக்கையில் கேட்டேன்,
ஏன் காசு கட்டி வந்தீர்கள் என்று.
சாக்கடை மூடியைப் பார்த்துத் தாண்டினார்.
"முப்பத்தி நாலு வருஷம்
இந்தத் தெருவில ஒரு கடையிலயும் குடிச்சதில்ல.
எல்லாரும் சும்மா தருவாங்க.
சும்மா குடிச்சா அது லஞ்சம்."

ஆறாம் கடையில் சுவரோரமாக இருந்தார்.
கோப்பையை வெளிச்சத்துக்குத் தூக்கினார்,
விளிம்பைச் சுற்றி விரலை ஓட்டினார்,
குடித்தார்.
கண்ணை மூடியபடி, எனக்கு மட்டும் கேட்க,
"புளியங்கொட்டை. கொஞ்சம்."
பிறகு இன்னொன்று கொண்டுவரச் சொன்னார்.
அதற்குத் தன் பையில் இருந்தே காசு வைத்தார்,
சில்லறையை எண்ணி.

அடுத்த சனிக்கிழமை தரிப்பிடத்தில்
மாசிலாமணியின் மனைவியை எழுப்பி
கையில் விளக்குமாற்றைக் கொடுத்தேன்.
யாரும் அழவில்லை.
எலியை நானும் விட்டுவிட்டேன்.
அவவின் பெயர் என்ன என்று ஒரு பையன் கேட்டான்.
தெரியாது.
கொம்பனித்தெருவுக்கு ஒரு கோல் எடுக்க வேண்டும்.